ரேடியோ கொடுத்த வாக்குமூலம்

சுவருக்குப் பெயிண்ட் அடிக்கிறவனுக்கு ‘ரேடியோ’ என்று பெயர் வைத்த புண்ணியவான்கள் அவனுடைய கூட்டாளிகள்தான். ஸ்டேஷன் சரியாகக் கிடைக்காத ரேடியோ மாதிரி, வாயைத் திறந்தாலே திக்குவான். அவன் அதைச் சிரித்துக்கொண்டே வாங்கிக்கொள்வான். அவன் மனைவிக்குத்தான் பற்றிக்கொண்டு வரும்.

சலவைக்கடையில் இஸ்திரி போடும் அவள் இதற்கு ஒரு வழி கண்டுபிடித்து வைத்திருந்தாள். மருத்துவமனையிலோ வங்கியிலோ அவன் பேச வேண்டியிருந்தால், அவள் காதோடு சொல்வாள். அவன் அப்படியே திருப்பிச் சொல்வான். அப்போது மட்டும் ஒரு சொல்கூடத் திக்காது. ஏனென்று இருவருக்குமே தெரியாது.

அவன் பெயிண்ட் அடித்துக்கொண்டிருந்த வீட்டுக்காரரை யாரோ கொன்றுபோட்டார்கள். இன்ஸ்பெக்டர் அவனை அள்ளிக்கொண்டு போனார். தூங்கவிடாமல் உலுக்கி எடுத்துவிட்டு, “ஒத்துக்கிட்டான்” என்றார். வேறு சாட்சி கிடையாது. கோர்ட்டில் வாக்குமூலத்தைத் தாளில் இருந்து வாசித்தார்கள், ஆயுள் தண்டனை கொடுத்தார்கள். சொந்தபந்தமெல்லாம் கைகழுவிவிட்டது.

“பண்ணாதவன் எதுக்கும்மா ஒத்துக்கிறான்?” என்று அவளுடைய அண்ணனே கேட்டான். அன்றோடு அந்த வீட்டுப் பக்கம் போவதை அவள் நிறுத்திவிட்டாள்.

மேல்முறையீடு ஒன்றுதான் மிச்சம். புதிதாக வந்த வக்கீலம்மா, யாரும் இதுவரை போட்டுக் கேட்காத வாக்குமூல ஒலிப்பதிவைக் கேட்டு வாங்கி, அவளையும் உட்காரவைத்துத் தன் அறையில் ஓடவிட்டார். கணவனின் குரல் கொலையைக் கடகடவென்று ஒப்பித்தது. ஒவ்வொரு வாக்கியம் முடிந்ததும் ‘டக்’ என்று ஒரு சத்தம். அழப்போகிறாளே என்று வக்கீலம்மா தண்ணீர் டம்ளரை நகர்த்தினார். அவளோ மேசையில் ஓங்கித் தட்டினாள்.

“அம்மா, யாரோ சொல்லச் சொல்ல இவரு திருப்பிச் சொல்லியிருக்காரும்மா! வீட்டுல இந்த வேலைய பாக்கறவளே நான்தானே, எனக்குத் தெரியாதா!”

மேல் கோர்ட்டில் நீதிபதி அவனைக் கூப்பிட்டார். “அன்னிக்கு என்ன நடந்துச்சு? நீங்களே சொல்லுங்க.”

“ந... நா... நான் வே... வேலைய மு... முடிச்சு...”

அவன் சொல்லி முடிக்கும்வரை நீதிபதி பொறுமையாக இருந்தார். பிறகு வக்கீலம்மா அவன் பக்கத்தில் போய், வாக்குமூலத்தின் முதல் வரியை மெல்லச் சொன்னார். அவன் தண்ணீர் மாதிரி திருப்பிச் சொன்னான்.

நீதிபதி இன்ஸ்பெக்டரைப் பார்த்தார். “ஒவ்வொரு வரிக்கும் ரெக்கார்டரை நிறுத்தியிருக்கீங்களே, அப்ப யாரு பேசினது?”

“அது வ... வந்து ஐயா...” இன்ஸ்பெக்டரின் முகத்தில் ஈயாடவில்லை. இப்போது திக்கியது அவருக்கு.

விடுதலை! வாசலில் பத்திரிகைக்காரர்கள் மைக்கை நீட்டினார்கள். பழக்க தோஷத்தில் அவள் கணவனின் காதருகே குனிந்தாள். அவன் அவள் தோளைத் தொட்டு நிறுத்தினான்.

“வே... வேணாம். நா... நானே சொல்றேன்.”

எல்லோரும் காத்திருந்தார்கள். அவன் முகம் சிவந்தது, கழுத்து நரம்பு புடைத்தது. அவள் பல்லைக் கடித்துக்கொண்டு, ஓர் எழுத்துகூட எடுத்துக் கொடுக்காமல் நின்றாள்.

“நா... நா... நான் ப... பண்ணல.”

பெயிண்ட் கறையோடு வந்திருந்த கூட்டாளிகள் “ரேடியோ!” என்று கத்தினார்கள். எல்லாரையும்விடச் சத்தமாகக் கத்தியவள் அவன் மனைவிதான்.