அத்திம்பேரின் குரல் இருந்த கோப்பு

டி.எல்.எல். என்று முடியும் கம்ப்யூட்டர் கோப்பு ஒன்றை நோட்பேடில் திறந்து, கண்ணாடி மாட்டிக்கொண்டு, முதல் பக்கத்திலிருந்து படிக்க உட்கார்ந்த ஆள் நான். பின்னால் யாராவது சொல்லி மானம் போவதைவிட நானே சொல்லிவிடுவது நல்லது. கட்டங்கள், கேள்விக்குறிகள், தலைக்கு மேல் இரண்டு புள்ளி வைத்த ஐரோப்பிய எழுத்துகள் என்று ஓடியது. இரண்டாம் பக்கத்தில் விஷயம் பிடிபடும் என்று நம்பினேன். ஆரம்பத்தில் ஒரே ஒரு ஆங்கில வாக்கியம் முழுசாக இருந்தது. பழைய முறையில் இந்த நிரலை ஓட்ட முடியாது என்றது. மொத்தக் கோப்பிலும் எனக்குப் புரிந்தது அந்த மறுப்பு மட்டும்தான். அதற்கும் மசியாமல் இரண்டு பக்கத்தை அச்செடுத்தேன். நகைச்சுவை எழுதிப் பிழைக்கிறவனுக்குப் புரியாத எழுத்து புதிதல்ல. என் கட்டுரைகளைப் பற்றிப் பல ஆசிரியர்கள் அப்படித்தான் அபிப்பிராயம் சொல்லியிருக்கிறார்கள். ஆனால் அன்று நான் அந்தக் குப்பைக்குள் தேடியது அத்திம்பேரின் குரலை.

அத்திம்பேர் என் அக்காவின் கணவர். அரசு அலுவலகம் ஒன்றில் மொழிபெயர்ப்புப் பிரிவில் இருந்து ஓய்வு பெற்றவர். சட்ட அறிவிக்கைகளைத் தமிழாக்கித் தானே தட்டச்சும் செய்வார். கம்ப்யூட்டர் வந்தபோது அதே தட்டச்சு வரிசையில், அந்தக் காலத்து எழுத்துரு ஒன்றில் பழகிக்கொண்டார். அதற்குப் பிறகு உலகத்தில் வந்த எந்த முன்னேற்றத்தையும் அவருடைய விரல்கள் அங்கீகரிக்கவில்லை. மயிலாப்பூரில் மாட வீதிக்குப் பின்னால் இரண்டாம் மாடி ஃபிளாட். வீடு நிறைய அக்காவின் பூஜையும் அவருடைய கிண்டலும். அக்கா ராகு காலம் பார்த்தால், அவர் ராகு காலம் பிறந்த பிறகுதான் செருப்பைத் தேடுவார். "இன்னிக்கு சந்திராஷ்டமம், வாயைத் திறக்காதேங்கோ" என்று அக்கா சொன்னால், அன்றைக்கென்று எதிர் ஃபிளாட்காரரைக் கூப்பிட்டு உட்காரவைத்து அரசியல் பேசுவார். பேச்சுதான் அவருக்கு மூச்சு. அவர் பேச, அக்கா எதிர்க்க, நான் காப்பி குடிக்க, பல ஞாயிற்றுக்கிழமைகள் அப்படிப் போயின.

முதலில் அக்காவுக்கு சர்க்கரையில் கண் போயிற்று. அது போன பிறகு அவர் இன்னும் அதிகம் பேசினார். ஜன்னலருகே நாற்காலியைப் போட்டுக்கொண்டு தெருவில் நடப்பதையெல்லாம் சொல்வார். யார் யாரோடு வண்டியில் போகிறார்கள், எந்த மாமி எந்தப் புடவை. அக்கா காதால் ஊரைப் பார்த்துக்கொண்டிருந்தாள். அப்புறம் அவர் தொண்டையில் கட்டி. அறுத்து, குரல்பெட்டியையே எடுத்துவிட்டார்கள். கழுத்தில் வைத்து அழுத்தினால் பேசுகிற கருவி ஒன்று கொடுத்தார்கள். ஒரு நாள் முயன்றார். "வண்டு பேசறாப்பல இருக்குன்னா, எனக்கு பயமா இருக்கு" என்றாள் அக்கா. கருவி அலமாரிக்குப் போயிற்று. எழுதிக் காட்டலாம், பார்க்க அக்காவுக்குக் கண் இல்லை. அவள் பேசினால் அவருக்குக் கேட்கும். அவர் பதில் சொல்லத்தான் வழியில்லை. சேர்த்து வைத்துப் பார்த்தால் அந்த வீட்டில் எல்லாப் புலன்களும் இருந்தன. ஒன்றுக்கொன்று இணைப்புதான் இல்லை.

தி. நகரில் கம்ப்யூட்டர் பழுது பார்க்கிறவர் ஒருவர் அந்த இணைப்பைக் கொடுத்தார். அத்திம்பேர் அடித்தால் கம்ப்யூட்டர் படித்துச் சொல்லும். செய்தி வாசிக்கிற பெண்ணின் குரல், ஏற்ற இறக்கம் இல்லாமல். "பால் வந்துவிட்டது. வானம் மூடியிருக்கிறது. எதிர் ஃபிளாட்டில் சண்டை." அக்கா சிரித்தாள். "இந்த வயசுல ஆத்துக்கு சக்களத்தி வந்திருக்காடா" என்று எனக்கு ஃபோன் செய்தாள். ஆனால் சாயங்காலமானால் சக்களத்தியின் பக்கத்தில் நாற்காலியைப் போட்டு உட்கார்ந்துகொள்வாள்.

இதில் ஒரு சிக்கல் உண்டு. அத்திம்பேர் அடித்தது பழைய எழுத்துருவில். கம்ப்யூட்டரைப் பொறுத்தவரை அது தமிழே அல்ல. ஆங்கிலக் குறிகளுக்குத் தமிழ் வேஷம் போட்டது. படிக்கிற பெண்ணுக்குத் தெரிந்தது இந்தக் காலத்து யூனிகோட் தமிழ். நடுவில் நின்று அதை இதுவாக மாற்றித் தருவது ஒரு கோப்பு. அதுதான் நான் கண்ணாடி போட்டுப் படித்தது. இந்த மாதிரிக் கோப்புகள் யாருக்கும் தனிச் சொத்து இல்லை. ஃபிளாட்டில் எல்லா வீட்டுக்கும் சேர்த்து ஒரு மோட்டார் போட்டிருப்பதைப் போல, கம்ப்யூட்டரில் பொதுவான ஓர் இடத்தில் இருக்கும். எந்த மென்பொருளுக்கு வேண்டுமோ அது வந்து பயன்படுத்திக்கொள்ளும். தரைத்தளத்துக்குப் புதிதாகக் குடிவந்தவர் தன் குழாய்க்குத் தோதாக மோட்டாரை மாற்றினால் இரண்டாம் மாடியில் தண்ணீர் வராது. ஏன் வரவில்லை என்று இரண்டாம் மாடிக்காரருக்குத் தெரியவும் தெரியாது.

கட்டி திரும்ப வந்தது. மறுபடி அறுக்கலாம், ஆனால் உறுதி சொல்ல மாட்டேன் என்றார் டாக்டர். திங்களா வியாழனா என்று மட்டும் கேட்டார். அத்திம்பேர் ஒரு நாள் அவகாசம் வாங்கி, வெள்ளிக்கிழமை சாயங்காலம் திங்கள் என்று எழுதிக் கொடுத்தார். ஞாயிறு ஆஸ்பத்திரியில் சேர வேண்டும். சனிக்கிழமை காலை அக்கா ஃபோன் செய்தாள். "மெஷின் என்னமோ உளர்றதுடா. பர்சன்ட்ங்கறது, ஸ்டார்ங்கறது. பாங்குலேர்ந்து பேசறாப்பல இருக்கு."

போய்ப் பார்த்தேன். திரையில் அத்திம்பேரின் தமிழ் அழகாகத் தெரிந்தது. பேசும்போதுதான் குறிகளின் பெயர்களாகக் கொட்டியது. தி. நகர்க்காரரைக் கூப்பிட்டேன். "சார், நான் ஊர்ல கீறேன். திங்கக்கெழம வந்து ஃபார்மட் போட்டுக் குட்த்துட்றேன். அதுவரைக்கும் பேசாம இருங்க சார்" என்றார். அவர் மேல் தப்பில்லை. யாருடைய வாய் அது என்று அவருக்கு நினைவிருந்திருக்காது.

இணைப்பைக் கொடுத்த நாளில் அவர் காட்டியிருந்த கோப்பைத் தேடி எடுத்தேன்; நோட்பேடு சாகசம் அப்போது நடந்ததுதான். அது முடிந்து, கோப்பின் மேல் வலது பொத்தானை அழுத்திப் பார்த்தபோதுதான் கொஞ்சமாவது புரிந்தது. அதே பெயர், ஆனால் பழைய பதிப்பு. முந்தின நாள் வந்து உட்கார்ந்திருந்தது. தயாரித்த நிறுவனத்தின் பெயருக்குப் பக்கத்தில் ஜோதிடம் என்று இருந்தது. மேஜைக்குக் கீழே குறுந்தகட்டின் உறை கிடந்தது: பஞ்சாங்கம், ஜாதகம், நல்ல நேரம். பஞ்சாங்கம் வந்து இறங்கும்போது தன் பழைய கோப்பைக் கொண்டுவந்து பொது இடத்தில் போட்டு, புதியதை அழித்துவிட்டது. திரும்பிப் பார்த்தேன். அத்திம்பேர் அக்காவைக் கையால் காட்டி, உதட்டின் மேல் விரலை வைத்தார்.

திங்களுக்கும் வியாழனுக்கும் இடையில் அவர் எப்படித் தேர்ந்தெடுத்தார் என்று அப்போது தெரிந்தது. பஞ்சாங்கத்தைத் திறந்து பார்த்தேன், வியாழக்கிழமை அவருக்குச் சந்திராஷ்டமம். கல்யாணமான நாளிலிருந்து சிரித்துத் தள்ளிய ஒன்றை, மனைவிக்குக் கண் தெரியாத தைரியத்தில், வெள்ளிக்கிழமை பகலில் கம்ப்யூட்டரில் ஏற்றி, அவள் பக்கத்து அறையில் இருக்கும்போதே ஒவ்வொரு கட்டமாகப் பார்த்திருக்கிறார். அந்த உறையைக் கையில் வைத்துக்கொண்டு எனக்குக் கிண்டல் ஒன்றும் வரவில்லை. தொழிலில் எனக்கு அதுவே முதல் தோல்வி என்று சொல்ல ஆசை, உண்மை அப்படியில்லை.

பஞ்சாங்கத்தை நீக்கினேன். அது போகும்போது அந்தக் கோப்பையும் கையோடு கொண்டுபோய்விட்டது. அதன் பிறகு கம்ப்யூட்டர் உளறவும் இல்லை.

சனிக்கிழமை மத்தியானம் முழுக்க அதனால் நான்தான் அந்தக் கோப்பு. அத்திம்பேர் அடிப்பார், நான் திரையைப் பார்த்து அக்காவுக்குப் படிப்பேன். முதலில் சுலபமாகத்தான் இருந்தது. மாத்திரை டப்பா எங்கே, காஸ்காரனிடம் என்ன சொல்ல வேண்டும், யார் வந்து துணைக்குப் படுப்பார்கள். இரண்டு பேருக்கு நடுவில் உட்கார்ந்து அவர்கள் குடும்பத்தைப் படிப்பது கூச்சமாக இருந்தாலும், வார்த்தைகள் பாத்திர பண்டத்தைப் பற்றியவையாக இருக்கும்வரை சமாளிக்கலாம்.

பிறகு அக்கா கேட்டாள். "ஏன்னா, பயமா இருக்கா?"

அவர் யோசிக்கவில்லை. அடித்தார். திரையில் ஒரே ஒரு சொல்: இருக்கு.

என் முன்னால் அவர் முகம். எனக்குப் பக்கத்தில் அக்காவின் முகம், சத்தம் வருகிற பக்கம் லேசாகத் திரும்பியபடி. நான் வாயைத் திறந்தேன். "இதென்ன கேள்விங்கறார். போன தடவை இதைவிடப் பெரிய கத்தியைப் பார்த்தாச்சாம். டாக்டர் கெட்டிக்காரராம். நீ ஸ்வாமி ரூமை விட்டு வெளியே வந்து வேளைக்குச் சாப்பிட்டால் போறுமாம்." அத்திம்பேரின் குரலையும் கொஞ்சம் முயன்றேன். எத்தனையோ பேருக்கு வசனம் எழுதிய கை.

 "திரும்பி வந்துடுவேளோல்லியோ?" என்றாள் அக்கா.

அவர் அடித்தார்: தெரியலை.

"வராமல் எங்கே போவேன்ங்கறார். வந்த அன்னிக்கே, முழுங்க முடியறதோ இல்லையோ, உன் கையால் அடை வார்த்து வாசனையாவது பிடிக்கணுமாம்."

அத்திம்பேர் என்னைப் பார்த்தார். கோபம் இருந்தால் மேஜையைத் தட்டியிருப்பார். அவருக்கு அது வழக்கம். தட்டவில்லை. தன் கையை விசைப்பலகையிலிருந்து எடுத்து மடியில் வைத்துக்கொண்டார். அப்புறம் அன்று அவர் எதுவும் அடிக்கவில்லை. நான் இடையில் இருக்கும்வரை அடித்துப் பயனில்லை என்று முடிவு செய்திருப்பார் என்று இப்போது தோன்றுகிறது. அப்போது களைத்துவிட்டார் என்று நினைத்துக்கொண்டேன். கொடுத்ததை வாங்கி, கூட்டாமல் குறைக்காமல், அடுத்தவருக்குப் புரிகிற விதத்தில் தருவது: அந்தக் கோப்புக்கு இருந்த வேலை அவ்வளவுதான். அதற்கு மனசு என்று ஒன்று இல்லாததால் செய்ய முடிந்தது.

பஞ்சாங்கம் சொன்ன நல்ல நேரத்தில்தான் உள்ளே கொண்டுபோனார்கள். கத்தியை வைத்துவிட்டு வெளியே வந்த டாக்டர் என்னைத் தனியாகக் கூப்பிட்டார். அந்த வாரம் முடிவதற்குள் அத்திம்பேர் போய்விட்டார். ஐ.சி.யூ.வில் அவர் கையை அக்கா பிடித்துக்கொண்டிருந்தாள். அவர் விரல்கள் அவள் உள்ளங்கையில் அசைந்தன என்றாள். என்ன அடித்தாரோ.

தி. நகர்க்காரர் திங்கட்கிழமை சொன்னபடியே வந்திருந்தார். ஃபார்மட் போட்டு, எல்லாம் சரி செய்து, வீட்டில் இருந்தவர்களுக்குப் பேசவைத்துக் காட்டிவிட்டுப் போனார். நான் ஆஸ்பத்திரியில் இருந்தேன்.

பதின்மூன்றாம் நாள் சுபம் முடிந்து உறவுக்காரர்கள் கிளம்பிய பிறகு, அந்த மேஜைக்குப் பக்கத்தில் நானும் அக்காவும் மட்டும் உட்கார்ந்திருந்தோம். அவள் விசைப்பலகையைத் தடவிக்கொண்டிருந்தாள்.

"பயமா இருக்கான்னு கேட்டேனே, அன்னிக்கு என்னடா அடிச்சார்?"

"சொன்னேனே அக்கா."

"அவர் நாலஞ்சு தட்டு தட்டினார். நீ அரைப்பக்கம் படிச்சே. எனக்குக் கண்ணுதான் இல்லை."

சொன்னேன். இருக்கு என்று அடித்தார் என்றேன். அக்கா தலையசைத்தாள்.

"அதைப் படிச்சுத் தொலைச்சிருந்தா, 'எனக்கும் இருக்குன்னா'ன்னு சொல்லியிருப்பேன்."  எழுந்து, சுவரைத் தொட்டுக்கொண்டு அடுப்பங்கரைப் பக்கம் நடந்தாள். பாதியில் நின்றாள்.

"அவருக்கு அடை பிடிக்காதுடா. பிடிக்கறது உனக்கு."