நீல விக் போட்ட மகள்

இரவு வேலைக் களைப்போடு, ஜப்பானிய அனிமே கார்ட்டூன் ரசிகர்கள் வேடம் போட்டுக் கூடும் விழாவுக்கு மகளை ஸ்காபரோவிலிருந்து கூட்டிப்போனேன். அவள் தலையில் நீல விக், கையில் அட்டை வாள். "உது என்ன கோலம்?" என்று கேட்கவும் தெம்பில்லை, சுவரோரம் தரையில் உட்கார்ந்துவிட்டேன்.

அங்கே யாரும் கேட்காமல் படம் எடுப்பதில்லை. முன்பின் தெரியாதவர்கள் வந்து, எடுக்கலாமா என்று கேட்க, அவள் நிமிர்ந்து வாளை உயர்த்தினாள். வீட்டில் நான் போனைத் தூக்கினாலே முகத்தை மூடுகிறவள். நான் ஒருநாளும் கேட்டதில்லை. எடுத்த கையோடு சொந்தக்காரர் குரூப்பில் போட்டுவிடுவேன்.

கால் வலிக்க எழுந்து அவளிடம் போனேன்.

"நானும் ஒண்டு எடுக்கட்டே, பிள்ளை?"

திகைத்துப் பார்த்தாள். "ஓம் அம்மா. வெயிட், விக் நேரா இருக்கோ?"

எடுத்தேன். "குரூப்பில போடட்டே?"

"வேண்டாம் அம்மா."

போடவில்லை. பல வருடங்களில் அவள் என்னை நேராகப் பார்த்து நிற்கும் ஒரே படம் அது.