பத்தொன்பது கிலோ அகத்தா

அகத்தா நல்ல பூசின உடம்புக்காரி. பாடாங் செராய்ப் பக்கத்து ரப்பர் தோட்டத்தில் கம்பெனி அவளுக்குக் கொடுத்த லயத்து வரிசை வீட்டுக் கதவைத் தாண்ட ஒருக்களித்துத்தான் நுழைவாள். மீன் குழம்பு என்றால் மறுசோறு கேட்க வெட்கப்பட மாட்டாள். அப்படிப்பட்டவள் பத்தொன்பது கிலோதான் இருந்தாள் என்றால் யார் நம்புவார்கள்? கம்பெனி நம்பவில்லை. நம்பாமல் இருப்பதற்கென்றே அது சம்பளம் கொடுத்து ஆள் வைத்திருந்தது.

எழுபத்தொன்றில் தோட்டத்துக் குன்றில் எம்புகல் கிடைத்தது. கையில் எடுத்தால் கையையே மேலே தூக்கும் சாம்பல் நிறக் கல். நிலாவுக்குச் சரக்கு கொண்டுபோகும் கப்பல்களின் அடிவயிற்றில் அதைத்தான் பதிப்பார்களாம். ரப்பர் மரங்களைச் சாய்த்தார்கள். பால் வெட்டிய பெண்களை ஆற்றில் இறக்கிவிட்டார்கள். ஈயம் அரிக்கும் டூலாங் என்ற மரத்தட்டுதான் இதற்கும். ஆனால் ஈயம் அடியில் தங்கும். எம்புகல் மண்ணை விட்டுப் பிரிந்ததும் மேலே கிளம்பிவிடும். அதனால் தட்டின் மேல் வலை கட்டி, இடுப்பளவு தண்ணீரில் நின்று, வலையில் வந்து முட்டும் கல்லைப் பொறுக்க வேண்டும். அகத்தா பன்னிரண்டு வருஷம் பொறுக்கினாள்.

கல்லின் தூள் தோல் வழியாக உள்ளே போய் எலும்பில் தங்கியது. முதலில் கால் வலி போனது. மாதா கிருபை என்றாள் அகத்தா. மாரியம்மா கருணை என்றாள் பக்கத்து வீட்டுக் காளியம்மா. பிறகு காற்றடிக்கும் நாளில் துணி காயப்போட இரண்டு பேராகப் போக வேண்டி வந்தது: துணியைப் பிடிக்க ஒருத்தி, அவளைப் பிடிக்க ஒருத்தி. அதையும் சிரித்துச் சமாளித்தார்கள். எலும்பு சுள்ளியாக ஒடியத் தொடங்கியபோதுதான் சிரிப்பு நின்றது.

சனிக்கிழமைதோறும் தோட்டத்து ஆஸ்பத்திரியில் மருந்து கட்டும் டிரெசர் சில்வெஸ்டர் எல்லோரையும் நிறுத்துப் புத்தகத்தில் எழுதுவார். நாற்பது கிலோவுக்குக் குறைந்தால் உடம்பு லாயக்கில்லை என்று சீட்டு. சீட்டு கிடைத்தால் வேலையும் போகும், லயத்து வீடும் போகும். பெண்கள் என்ன செய்தார்கள்? மரத்தில் உறைந்த ஒட்டுப்பாலுக்குள் கல்லை வைத்துக் கூடுதல் எடை காட்டிப் பழகிய கைகள். அந்த வித்தையைத் தங்கள் உடம்பிலேயே காட்டினார்கள். பழைய லாரி இரும்பைத் துணியில் வைத்துத் தைத்து, பாவாடைக்குள் கட்டிக்கொண்டு தராசில் ஏறினார்கள். ஆற்றில் இறங்கிய முப்பத்தாறு பேருக்கும் தைத்துக் கொடுத்தவள் அகத்தா. எல்லோரும் ஐம்பது, ஐம்பத்திரண்டு. சில்வெஸ்டருக்குத் தெரியும், தெரிந்தேதான் எழுதினார்.

எண்பத்து மூன்றில் காளியம்மாவுக்கு இடுப்பெலும்பு முறிந்தது. பெரிய வைத்தியத்துக்குக் கம்பெனி கையை விரித்தது. கல்லால் யாருக்கும் ஒன்றும் ஆகவில்லை, பன்னிரண்டு வருஷத்துப் புத்தகமே சாட்சி என்றது. அலோர் ஸ்டார் பட்டணத்தில் சர்க்கார் விசாரணை வைத்தார்கள். அகத்தாவுக்கு அன்றுதான் உறைத்தது. தன் ஊசியும் நூலும்தான் காளியம்மாவைப் படுக்கையில் போட்டு வைத்திருக்கின்றன. அவளுக்கு அழுகை வரவில்லை, ஆத்திரம் வந்தது.

விசாரணைக்குப் போகும் பஸ்ஸில் சில்வெஸ்டர் பக்கத்தில் வந்து உட்கார்ந்தார்.

"வாயத் தொறந்தா வீடு போயிரும் லா, அகத்தா. புள்ளைங்கள வச்சிக்கிட்டு எங்க போவ?"

"நீங்க பயந்து பயந்து எழுதுனீங்க, டிரெசரய்யா. நான் பயந்து பயந்து தச்சேன். பயந்தது போதும்."

விசாரணை அதிகாரி மலாய்க்காரர்; ஐயா என்பதற்கு அவரைத் துவான் என்பார்கள். தோட்டத்துப் பிள்ளைகளோடு வளர்ந்ததால் தமிழ் அத்துப்படி. மேனேஜர் அழகேசன் புத்தகத்தை விரித்து வைத்தார். அகத்தா தராசு கேட்டாள். மூட்டை நிறுக்கும் தராசை உருட்டிக்கொண்டு வந்தார்கள். ஏறினாள். ஐம்பத்திரண்டு. அழகேசன் சிரித்தார்.

அகத்தா சுவர்ப் பக்கம் திரும்பி முடிச்சை அவிழ்த்தாள். இரும்பு தைத்த துணிச்சுருள்கள் ஒவ்வொன்றாகத் தரையில் விழ, பலகை அதிர்ந்தது. முள் பத்தொன்பதில் வந்து நின்றது.

"பாத்தீங்களா? பன்னெண்டு வருஷமா மோசடி பண்ணியிருக்கா. இன்னியோட வேலையும் கெடையாது, வீடும் கெடையாது," என்றார் அழகேசன்.

"ஆமா, ஏமாத்துனேன். முப்பத்தாறு பொம்பளைங்களுக்கு நாந்தான் தச்சுக் குடுத்தேன். எழுதிக்குங்க, கையெழுத்துப் போடறேன். ஆனா இந்தப் பத்தொம்பதையும் எழுதணும்."

"மத்தியானம் பாத்துக்கலாம். எறங்குங்க," என்றார் அதிகாரி.

"எழுதுங்க துவான், எறங்குறேன்."

எல்லோரும் சாப்பிடப் போனார்கள். அவள் தராசிலேயே நின்றாள். அவர்கள் திரும்பி வந்தபோதும் நின்றுகொண்டிருந்தாள். முள்ளும் அங்கேயே நின்றது. அதுவரை வாசலில் தயங்கிய சில்வெஸ்டர் உள்ளே வந்து, தான் எழுதிய எண்கள் எல்லாமே பொய் என்றார். முழுசாகச் சொல்லி முடித்தார்.

அதிகாரி குனிந்து முள்ளைப் பார்த்தார். பேனாவை எடுத்து எழுதினார். அகத்தா அதை வாசிக்கச் சொன்னாள். வாசித்தார்.

அவள் இறங்கினாள்.

"இப்ப இந்தத் தராச வண்டியில ஏத்துங்க, தோட்டத்துக்குப் போவோம். காளியம்மாவால எந்திரிச்சு நிக்க முடியாது. நான் அவளத் தூக்கிக்கிட்டு ஏறுறேன். ரெண்டு பேரையும் சேத்தாலும் ஒரு ஆள் கனம் வருதான்னு நீங்களே பாத்து எழுதுங்க."