கார்ல்ஸ்ரூ அரிசி நிறுக்காது

செவ்வாய்க்கிழமை காலை என் கடை வாசலில் வான் வண்டியிலிருந்து மரக்கறிப் பெட்டிகளை இறக்கிக்கொண்டிருந்தபோது தர்ஷினியின் தம்பி அழைத்தான். "அக்கா போயிட்டா, மாமா" என்றான். நோய் இருந்தது தெரியும். இவ்வளவு கெதியாக என்று தெரியாது. மிச்சப் பெட்டிகளையும் இறக்கிவிட்டுத்தான் உள்ளே போய் இருந்தேன்.

எங்கள் சனிக்கிழமைத் தமிழ் வகுப்பில் படித்து வழக்கறிஞரானவள் அவள். வகுப்பு இன்றும் நடப்பதற்கு அவள்தான் காரணம். புதிதாக வந்த பெற்றோருக்காக அந்தக் கதையை எழுதுகிறேன். அதில் நான் நல்ல பிள்ளையாக வரமாட்டேன்.

சில வருடங்களுக்கு முன் கற்பித்தல் பொருட்களுக்கென்று நகரசபை எங்களுக்கு உதவித்தொகை தந்திருந்தது. விஜயதசமிக்குச் சின்னப் பிள்ளைகளுக்கு ஏடு தொடக்கி முதல் எழுத்து எழுதுவிப்பதற்காக, தாம்பாளத்தில் பரப்ப அரிசி வாங்கி அதையும் கணக்கில் காட்டினோம். அன்று பொங்கிச் சாப்பிட்ட அரிசியும் அதே பில்லில் இருந்தது. அரிசி உணவுப்பொருள், கணக்கை ஏற்க முடியாது, அந்த வருட உதவி முழுவதையும் திருப்பித் தரவும் என்று கடிதம் வந்தது. கட்டினால் மண்டப வாடகைக்கு வழியில்லை, வகுப்பை மூட வேண்டியதுதான். மறுப்பு எழுத ஒரு மாதத் தவணை. அதில் பதினெட்டு நாளைக் கூட்டம் போட்டே கரைத்தோம்.

முடிவில் கார்ல்ஸ்ரூவுக்கு, ஜேர்மனியின் அரசியலமைப்பு நீதிமன்றத்துக்கே எழுதுவது என்று தீர்மானித்தோம். அகதி வழக்குக் காலத்தில் அதுதான் எங்கள் ஆட்களின் கடைசி நம்பிக்கை. எல்லாவற்றுக்கும் அதுவே மருந்து என்று நினைத்துவிட்டோம். நான்தான் நகரசபைக் கடிதத்தைத் தர்ஷினியிடம் கொண்டுபோனேன்.

"எங்கடை சமயத்திலை கை வைச்சிட்டாங்கள், பிள்ளை."

"நகரசபைக் கடிதத்திலை சமயம் எங்கை இருக்கு? காட்டுங்கோ மாமா."

கடிதத்தை இரண்டு தரம் வாசித்தேன். அரிசி மட்டும்தான் இருந்தது.

"கார்ல்ஸ்ரூ அரிசி நிறுக்காது. அடிப்படை உரிமை மிதிபட்டதோ எண்டு மட்டும்தான் பாக்கும். அதுவும் கீழ் நீதிமன்றமெல்லாம் ஏறி இறங்கின பிறகு. இப்ப போனால் காரணம்கூட எழுதாமல் திருப்பி விடுவினம். அதுக்குள்ளை இஞ்சை தவணை முடிஞ்சிடும்."

"அப்ப அவ்வளவு பெரிய நீதிமன்றம் என்னத்துக்கு?"

"உங்கடை பில் பாக்கிறதுக்கில்லை." சிரித்தாள். பிறகு கேட்டாள்: "அரிசி ஆரின்ரை கடையிலை வாங்கினது?"

"என்ரை கடையிலைதான். லாபம் வைக்கேல்லை."

"கொஞ்சம் வைச்சனீங்கள்."

வைத்திருந்தேன்.

அன்றே நகரசபைக்கு மறுப்பு எழுதினாள். அரிசி என் கடையில் வாங்கியது என்பதை ஒளிக்காமல் முதல் பக்கத்திலேயே போட்டாள். தன் பழைய படம் ஒன்றையும் இணைத்தாள். நாலு வயதில், மூக்கு வழிய அழுதுகொண்டு, அரிசியில் விரலால் 'அ' எழுதுகிறாள். "இந்த அரிசிதான் என்ரை முதல் கொப்பி எண்டு எழுதியிருக்கிறன்" என்றாள்.

தாம்பாளத்து அரிசியை நகரசபை ஏற்றுக்கொண்டது. பொங்கிச் சாப்பிட்ட அரிசிக்கு மட்டும் காசு கட்டச் சொன்னது. எங்கள் ஆட்களில் சிலர் முறுகினார்கள். "சாப்பிட்டனாங்கள்தானே, கட்டுங்கோ" என்றாள். அவள் ஃபீஸ் வாங்கவில்லை. வகுப்புக்கு இனி என் கடையில் அரிசி வாங்கக் கூடாது என்று மட்டும் சொன்னாள்.

போன மாதம் ஆஸ்பத்திரியிலிருந்து அழைத்தபோதும் அதைத்தான் கேட்டாள்: "இந்தமுறை அரிசி எங்கை வாங்கப் போறியள்?"

அடுத்த வாரம் விஜயதசமி. நேற்று எதிர்த்தெருத் துருக்கியர் கடையில் அரிசி வாங்க வரிசையில் நின்றேன். அங்கே விலை கூட. "உங்கள் கடையில் முடிந்துவிட்டதா?" என்று கடைக்காரர் வழமைபோலக் கிண்டலடித்தார். இன்னும் இருக்கிறது என்றேன். ரசீதைக் கேட்டு வாங்கிக்கொண்டு வந்தேன்.