கவிழ்ந்து படுத்துக் கேட்ட ஆட்டம்

விழித்திரை விலகியிருக்கிறது, உடனே ஆபரேஷன் செய்ய வேண்டும் என்று புதுச்சேரியில் டாக்டர் சொன்னபோது எனக்கு அவ்வளவாகப் பயம் வரவில்லை. ஆபரேஷன் முடிந்தபின் சொன்னதற்குத்தான் பயந்தேன். கண்ணுக்குள் ஒரு வாயுக் குமிழியை வைத்திருக்கிறார்களாம். அது மேலே எழும்பி விழித்திரையை அழுத்திப் பிடித்துக்கொள்ள வேண்டும். அதற்காக நான் எந்நேரமும் முகத்தைத் தரையைப் பார்த்தபடி வைத்திருக்க வேண்டும். சாப்பிடும்போதும் அப்படித்தான், தூங்கும்போதும் அப்படித்தான். இரண்டு வாரமாவது.

விருத்தாசலத்துக்குக் காரின் பின்சீட்டில் குனிந்தபடியே வந்து சேர்ந்தேன். வழியெல்லாம் நான் பார்த்தது என் கால் கட்டைவிரலைத்தான். அதுவும் மங்கலாக. ஆபரேஷன் செய்த கண்ணில் கட்டு. மற்றக் கண்ணோ கண்ணாடி இல்லாமல் ஒன்றையும் காட்டாது, குனிந்தால் கண்ணாடி மூக்கில் நிற்காது.

என் கணவர் செராமிக் பேட்டையில், பொம்மைகளும் விளக்குகளும் செய்கிற ஒரு பட்டறையில் சூளையைப் பார்த்துக்கொள்கிறார். கட்டிலில் நான் கவிழ்ந்து படுக்க, தலைமாட்டில் முகம் மட்டும் வெளியே தொங்குகிற மாதிரி தலையணைகளை அடுக்கித் தந்தார். டிவியைப் போட்டுவிட்டு வேலைக்குப் போனார். சீரியலை வெறும் காதால் கேட்டால் அதில் பாதிக்கு மேல் இடி முழக்கமும் யாரோ விம்முவதும்தான் என்பது அன்றைக்குத்தான் எனக்குத் தெரிந்தது. இரண்டாம் நாள் அதை நிறுத்தச் சொல்லிவிட்டேன். நல்லூர்ப் பக்கத்துப் பள்ளிக்கூடம் ஒன்றில் ஆங்கிலம் நடத்துகிறவள் நான். நாள் முழுக்கப் பிள்ளைகளின் இரைச்சலில் இருந்து பழகியவளுக்கு அந்த வீட்டின் அமைதி தாங்கவில்லை.

அமெரிக்காவில், கலிபோர்னியாவில், என் தம்பி இருக்கிறான். போய்ப் பல வருடமாகிறது. ஞாயிற்றுக்கிழமை தவறாமல் பேசுவான். உடம்பு எப்படி, மழை பெய்ததா, என்ன சமையல் என்று கேட்டு முடித்தபின் இருவருக்குமே பேச ஒன்றும் இருக்காது. ஆபரேஷனுக்குப் பிறகு தினமும் கூப்பிட ஆரம்பித்தான். தினமும் கேட்க அதே மூன்று கேள்விகள்தான். நாலாவது நாள் கொஞ்சம் தயங்கி, “அக்கா, நான் ஆபீஸ் வுட்டு வரப்ப கார்ல ரேடியோவுல ஒண்ணு கேப்பேன். பேஸ்பால். உனக்குப் புடிக்குமான்னு தெரியல. போட்டு வுடவா?” என்றான்.

எனக்கு அந்த விளையாட்டைப் பற்றி ஒன்றும் தெரியாது. கட்டையால் பந்தை அடிப்பார்கள் என்பது மட்டும் தெரியும். சரி என்றேன். தன் கணக்கிலேயே என் போனில் அது கேட்கும்படி செய்து கொடுத்தான். அங்கே சாயங்காலம் ஆட்டம் தொடங்கினால் இங்கே நமக்குக் காலை டீ நேரம். என் கணவர் சூளையில் லேசாக விரிசல் விட்டதால் ஒதுக்கப்பட்ட ஒரு பூச்சாடியைக் கொண்டுவந்து, என் முகத்துக்கு நேர் கீழே தரையில் வைத்து, போனை அதற்குள் இறக்கினார். சத்தம் சாடிக்குள் திரண்டு, கிணற்றுக்குள்ளிருந்து யாரோ பேசுவது போல என் முகத்தில் வந்து மோதியது.

முதல் நாள் ஒரு வார்த்தை விளங்கவில்லை. ஆங்கிலம் புரிந்தது, விஷயம் புரியவில்லை. வர்ணனைக்காரர் மூன்றுக்கு இரண்டு என்பார், உள்மூலை என்பார், பிறகு சும்மா இருப்பார். அந்தச் சும்மா இருத்தல்தான் எனக்கு அதிசயமாக இருந்தது. நாம் கேட்டுப் பழகிய கிரிக்கெட் வர்ணனையில் மூச்சு விட இடம் இருக்காது. இந்த மனிதர் வயதானவர், அவசரமில்லாத குரல். ஒன்றைச் சொல்லிவிட்டு மைதானத்தின் சத்தத்தை நம் காதில் விட்டுவிட்டு ஒதுங்கிக்கொள்வார். கடலை விற்கிறவன் எங்கோ கூவுவான். ஆர்கன் என்று நினைக்கிறேன், ஒரு வாத்தியம் இரண்டு அடி வாசித்து நிற்கும். ஆயிரக்கணக்கான பேர் ஒன்றும் செய்யாமல் உட்கார்ந்திருக்கிற சத்தம் கேட்கும். அப்படி ஒரு சத்தம் இருக்கிறது என்பதே எனக்குத் தெரியாது.

ஒன்றும் புரியவில்லை என்று தம்பியிடம் சொன்னேன். “மொதல்ல ஆட்டத்தப் புரிஞ்சிக்கப் பாக்காதக்கா. அந்த ஆளு கொரலு எங்க ஏறுது, எங்க எறங்குதுன்னு மட்டும் கேளு. மிச்சம் தானா வரும்” என்றான்.

அப்படியே செய்தேன். இரண்டு மூன்று நாளில் ஒன்று பிடிபட்டது. ஒவ்வொரு பந்துக்கும் முன்னால் குரல் கொஞ்சம் தாழ்ந்து சமமாகும். கையுறையில் பந்து விழுந்தால் ஒரு ‘டப்’. கட்டையில் பட்டால் வேறு சத்தம். சரியாகப் பட்டால் ஒரு சத்தம், ஓரத்தில் பட்டால் ஒரு சத்தம். சூளையிலிருந்து எடுத்த சாமான் ஒவ்வொன்றையும் விரலால் தட்டிப் பார்த்து நல்லது, விரிசல் என்று பிரிப்பது என் கணவரின் வேலைகளில் ஒன்று. டீ டம்ளரோடு அருகில் உட்கார்ந்து கேட்டவர், கட்டைச் சத்தம் வந்ததும் குரலுக்கு முந்தி, “இது ரொம்ப தூரம் போவும்” என்பார். பாதி நேரம் சரியாக இருக்கும். பாதி நேரம் பந்து பக்கத்திலேயே விழுந்து ஆள் அவுட்டாகியிருப்பான். அதற்காக அவர் சொல்வதை நிறுத்தவில்லை.

பிறகு விதிகள் வந்தன. அடித்தவன் நான்கு மூலைகளைச் சுற்றி ஓடி, புறப்பட்ட இடத்துக்கே திரும்பி வந்தால் ஒரு ரன். அந்த இடத்துக்கு ‘வீடு’ என்றே பெயர். எனக்கு மைதானம் மனதில் நிற்கவில்லை என்று சொன்னதும், என் கணவர் பட்டறையிலிருந்து ஒரு பிடி களிமண் கொண்டுவந்தார். ஒரு தட்டில் அதை அப்பமாகத் தட்டி, நான்கு மூலைக்கும் நான்கு மேடு வைத்து, நடுவில் பந்து வீசுகிறவனுக்கு ஒரு குமிழ் வைத்தார். நான் கவிழ்ந்தபடியே கையைத் தொங்கவிட்டு அதைத் தடவித் தடவிக் கேட்பேன். ஓட்டக்காரன் முதல் மூலையில் நின்றால் என் விரலும் அங்கே நிற்கும். நாலைந்து நாள் நாங்கள் இருவரும் கோயிலைச் சுற்றுகிற மாதிரி வலமாகவே ஓட்டிக்கொண்டிருந்தோம். வலதுபக்கம் பறந்த பந்தை, எங்கள் கணக்கில் இடதுபக்கம் நிற்க வேண்டியவன் எப்படிப் பிடிக்கிறான் என்று விளங்காமல் தம்பியைக் கேட்டபோதுதான், அவர்கள் இடமாகச் சுற்றுகிறார்கள் என்பது தெரிந்தது. தம்பி சிரித்த சிரிப்பு சாடிக்குள் எதிரொலித்தது. அவன் அப்படிச் சிரித்து நான் கேட்டு எத்தனையோ காலம் ஆகியிருந்தது.

இன்னொன்றும் அப்போதுதான் தெரிந்தது. என் போனுக்கு ஆட்டம் அரை நிமிடம் தாமதமாக வருகிறது. தம்பிக்குக் காரில் உடனே கேட்டுவிடும். ஒரு நாள் என் கணவரின் போனில் அவனோடு பேசியபடியே இருவரும் ஆட்டம் கேட்டோம். அவன் திடீரென்று “ஐயோ” என்றான். எனக்கோ அந்த ஐயோவுக்குக் காரணமான பந்து இன்னும் வீசப்படவே இல்லை. உலகத்தின் மறுபக்கத்தில், என் தம்பி எனக்கு வரப்போகிறதைத் தெரிந்துகொண்டு உட்கார்ந்திருக்கிறான். அதன்பின் அவன் பல்லைக் கடித்துக்கொண்டு சும்மா இருக்கப் பழகினான்.

நான் சொல்ல வந்த ஆட்டம் இரண்டாவது வாரக் கடைசியில் வந்தது. தம்பியின் ஊர் அணியில் பந்து வீச வந்தவர், முழங்கையில் ஆபரேஷன் செய்துகொண்டு ஒரு வருடத்துக்கு மேல் விளையாடாமல் இருந்து திரும்பியவர் என்று வர்ணனைக்காரர் தொடக்கத்திலேயே சொன்னார். ஆபரேஷன் என்ற சொல்லைக் கேட்டதும் எனக்கு அவர்மேல் ஒரு ஒட்டுதல் வந்துவிட்டது. கடற்பறவைகள் சில புல்லில் வந்து உட்கார்ந்திருக்கின்றன, அவற்றை யாரும் விரட்டவில்லை என்றார். அதுவரை எல்லாம் வழக்கம்போல.

ஆட்டம் பாதியைத் தாண்டியதும் ஏதோ மாறியது. குரல் உயரவில்லை, வேகமாகவில்லை. ஆனால் நடுநடுவே கதை சொல்கிற மனிதர் கதை சொல்வதை நிறுத்திவிட்டார். ஒவ்வொரு சுற்று முடிவிலும் “ரன் இல்லை, ஹிட் இல்லை” என்று கணக்குச் சொல்லும்போது, முதலில் சாதாரணமாகச் சொன்ன அந்த ஹிட் இல்லை என்பதை, இப்போது தூங்குகிற குழந்தைக்கு அருகில் பேசுவது போலச் சொன்னார். கூட்டமும் அப்படித்தான். பந்து வீசப்படும்போது மொத்த மைதானமும் அடங்கியது. கடலைக்காரனைக் காணோம்.

சட்டையை மாட்டிக்கொண்டு புறப்பட்ட என் கணவரை, கொஞ்சம் இருங்களேன் என்றேன். ஏன் என்று கேட்டார். எனக்கே தெரியவில்லை. என்னவோ நடக்கிறது, ஆனால் வர்ணனைக்காரர் சொல்ல மாட்டேன் என்கிறார் என்றேன். கணவர் உட்கார்ந்து இரண்டு பந்து கேட்டார். பிறகு பட்டறைக்குப் போன் செய்து, சூளையை அரை மணி பார்த்துக்கொள்ளும்படி யாரிடமோ சொன்னார்.

அப்போது தம்பி கூப்பிட்டான். வீட்டு வாசலில் காரை நிறுத்திவிட்டு இறங்காமல் கேட்டுக்கொண்டிருப்பதாகச் சொன்னான். எதிரணியில் ஒருவர்கூட இதுவரை ஒரு ஹிட்டும், அதாவது பிடிபடாமல் அடித்து முதல் மூலையை எட்டுகிற அடி எதுவும், அடிக்கவில்லை. கடைசிவரை அடிக்காவிட்டால் அது பந்து வீசுகிற பிட்சர் ஒருவரின் வாழ்க்கையில் ஒருமுறை வந்தாலே பெரிது. அதனால் நடந்துகொண்டிருக்கும்போது யாரும் அதை வாயால் சொல்ல மாட்டார்கள், சொன்னால் போய்விடும் என்று ஒரு நம்பிக்கை, அவருக்குப் பக்கத்தில்கூட யாரும் உட்கார மாட்டார்கள் என்றான். “நானும் இதுக்கு மேல பேச மாட்டேங்கா” என்றான்.

அத்தனை ஆயிரம் பேரும் ஒரே விஷயத்தை நினைத்துக்கொண்டு, ஒருவர்கூட அதைச் சொல்லாமல் இருந்தார்கள். கண்ணை மூடிக் கவிழ்ந்து கிடந்த எனக்கு அது கேட்டது. பெரிய தேர் ஒன்று நிலையை நெருங்கும்போது கூட்டத்துக்குள் ஒரு அடக்கம் வருமே, அதை நான் பார்த்திருக்கிறேன். கேட்டது இதுதான் முதல்முறை.

ஒன்பதாவது, கடைசிச் சுற்று. ஒருவர் அவுட். இரண்டாமவரும் அவுட். இன்னும் ஒருவர். மூன்று பந்து வீணாகப் போனது, இரண்டு சரியாக விழுந்தது; இன்னும் ஒன்று சரியாக விழுந்தால் அவரும் அவுட். தம்பி ரேடியோவை எங்களுக்குக் கேட்காதபடி தாழ்த்தியிருந்தான்; கணவரின் போனில் அவன் மூச்சுச் சத்தம் மட்டும் வந்துகொண்டிருந்தது. சட்டென்று அந்தச் சத்தம் நின்றது. போனை வைத்துவிட்டான்.

அவனுக்குத் தெரிந்துவிட்டது, எங்களுக்கு இன்னும் வரவில்லை. நல்லதாக இருந்தால் ஏன் வைக்க வேண்டும்? அவ்வளவுதான், போய்விட்டது என்று நினைத்தேன். சாடிக்குள்ளே பிட்சர் இன்னும் தொப்பியைச் சரிசெய்துகொண்டிருந்தார். கையைத் துடைத்துக்கொண்டார். நடந்து முடிந்துவிட்ட ஒன்றுக்காக நான் சாமியை வேண்டிக்கொண்டிருந்தேன்.

பந்து வந்தது. கட்டையில் பலமாகப் பட்டது. கணவர் மெதுவாக, “போச்சு” என்றார். குரல் முதல்முறையாக ஏறியது. இடதுபக்கம், ஆழமாக, இன்னும் ஆழமாக, பின்னால் ஓடுகிறான், சுவர் வந்துவிட்டது, எழும்புகிறான். அதற்கு அப்புறம் ஒரு சொல்லும் இல்லை. ஒரு கணம் எதுவுமே இல்லை. பிறகு ஒரு பேரொலி சாடியிலிருந்து பொங்கி வந்தது. அந்தச் சாடி அதிர்ந்ததை என் தொங்கிய விரல்களால் உணர்ந்தேன். வர்ணனைக்காரர் பேசவே இல்லை. ஒரு நிமிடம் இருக்கும், அதற்கு மேலேயும் இருக்கலாம். அத்தனை பெரிய செய்தியைச் சொல்ல வேண்டிய மனிதர் அதைக் கூட்டத்திடம் விட்டுவிட்டார். கடைசியில் மெல்லிய குரலில், “பிடித்துவிட்டான்” என்று மட்டும் சொன்னார்.

தலையைத் தூக்காதே என்று கணவர் என் பிடரியில் கையை வைத்தார்.

சிறிது நேரம் கழித்துத் தம்பி மறுபடி கூப்பிட்டான். ஏன்டா வச்ச, போச்சுன்னுல்ல நெனச்சேன் என்று கேட்டேன்.

“அழுகை வந்துடுச்சுக்கா. உனக்குக் கேட்டா தெரிஞ்சிடும்ல. உனக்கு வர வேண்டியத நான் கெடுக்கக் கூடாதுன்னு வச்சிட்டேன்” என்றான்.

அன்று நாங்கள் வெகுநேரம் பேசினோம். போன புதிதில் ஆபீஸ் விட்டு வந்தால் பேச ஆளில்லாமல் இருந்ததையும், அந்தக் குரலைக் கேட்பதற்காகவே காரை ஊரைச் சுற்றி ஓட்டியதையும் அவன் சொன்னான். இத்தனை வருட ஞாயிற்றுக்கிழமைகளில் ஒருநாள்கூட இதை அவன் சொன்னதில்லை. நானும் கேட்டதில்லை.

அடுத்த வாரம் புதுச்சேரியில் டாக்டர் விழித்திரை ஒட்டிக்கொண்டுவிட்டது என்றார். நிமிரலாம் என்றார். நிமிர்ந்தேன். வாயுக் குமிழி கொஞ்சம் கொஞ்சமாகக் கரையக் கரைய, அந்தக் கண்ணில் ஏரித் தண்ணீர் மாதிரி ஒரு கோடு ஆடும். கோட்டுக்கு மேலே உலகம் தெளிவாக இருக்கும். நாளாக ஆக அந்தக் கோடு கீழே இறங்கிக்கொண்டே போனது. முன்னைப்போல முழுப்பார்வை இல்லை, என்றாலும் பிள்ளைகளின் நோட்டைத் திருத்துகிறேன்.

தம்பி அந்தக் கடைசிப் பந்தின் வீடியோவை அனுப்பியிருந்தான். கண் தெளிந்தபின் கணவரோடு உட்கார்ந்து பார்த்தேன். பந்து வீசினார், அடித்தான், ஓடினான், எழும்பிப் பிடித்தான். கண்ணை மூடித் திறப்பதற்குள் முடிந்துவிட்டது. வேறு ஏதோ ஆட்டத்தை அனுப்பிவிட்டானோ என்று கணவர் கேட்டார். மறுபடி போட்டோம். அதே ஆட்டம்தான். இத்தனை சிறிய நேரத்துக்குள் அந்த மனிதர் ஆழத்தையும், ஓட்டத்தையும், சுவரையும், எழும்பியதையும் ஒன்றன்பின் ஒன்றாக எங்கள் வீட்டுக்குள் கொண்டுவந்து வைத்திருக்கிறார். எங்கும் அவசரப்படவில்லை. அவருக்கு எங்கிருந்து அவ்வளவு நேரம் கிடைத்தது என்று இருவரும் திரும்பத் திரும்பப் போட்டுப் பார்த்தோம்.