இருபத்தாறு பேருக்கு ஒரு மண்டபம்

கல்யாண மண்டபம் பார்க்கப் போகிறவர்கள் முதலில் மேடையைப் பார்ப்பார்கள், இல்லாவிட்டால் சாப்பாட்டுக் கூடத்தை. நேரே கழிப்பறைக்குப் போய் எட்டிப் பார்த்துவிட்டு வருகிற விவரமானவர்களும் உண்டு. மகள் கல்யாணத்துக்கு மண்டபம் தேடிப் போன கடிகார அத்தை நாற்காலிகளைத்தான் பார்த்தாள். நடுவில் பாதை விட்டு இரண்டு பக்கமாகப் பிரித்துப் போட்டிருக்கிறார்களா, ஒரே கூட்டமாகப் போட்டிருக்கிறார்களா என்பதுதான் அவளுக்குத் தெரியவேண்டியிருந்தது. பிரித்துப் போட்டிருந்தால் அந்த மண்டபத்தின் கதை அங்கேயே முடிந்தது.

காரணத்தை அவள் வெளியே சொல்லவில்லை. முதல் மண்டபத்தில் வண்டி நிறுத்த இடம் போதாது என்றாள். தாய்க்கும் மகளுக்கும் சேர்த்து ஒரு சைக்கிள்கூடக் கிடையாது. இரண்டாவதில் விளக்கு கண்ணைக் குத்துகிறது என்றாள். மூன்றாவது, ஏசி போட்டு சிவப்புக் கம்பளம் விரித்த பெரிய மண்டபம். மகளுக்குப் பார்த்தவுடனே பிடித்துப்போயிற்று. மேலாளரே எழுந்து வந்து தண்ணீர் கொடுத்தார். அத்தை கம்பளத்தைப் பார்த்தாள். அது நாற்காலிகளுக்கு நடுவே வகிடு எடுத்தமாதிரி மேடைவரை ஓடியது. எக்கோ அடிக்கிறது என்று சொல்லிவிட்டு, தண்ணீரைத் தொடாமலே இறங்கிவிட்டாள்.

படிக்கட்டில் மகள் வழிமறித்தாள்.

"நீ மண்டபம் பாக்க வந்தியா, குத்தம் பாக்க வந்தியாம்மா?"

"குத்தம் இருந்தா சொல்லத்தானே வேணும்."

"இப்படியே போனா நடுரோட்டுலதான் கல்யாணம். அங்கயும் சிக்னல் சரியில்லன்னு சொல்லுவ."

அத்தை சிரித்து மழுப்பினாள். அவளை அலைக்கழித்துக்கொண்டிருந்தது மண்டபம் இல்லை, ஒரு எண்.

கல்யாணம் பேசி முடித்த கையோடு மாப்பிள்ளையின் அம்மா போனில் கூப்பிட்டிருந்தாள். துணிக்கடை வைத்திருப்பவள், வாய் ஓயாது, மனசில் கள்ளம் கிடையாது. எங்கள் பக்கம் முந்நூறு பேருக்குக் குறையாது, எறும்புப் புற்றில் கை வைத்த மாதிரிதான் என்று சிரித்துவிட்டு, மண்டபத்தை நீங்களே பார்த்து முடிவு செய்யுங்கள், உங்கள் பக்கம் எத்தனை பேர் என்று கேட்டாள். அத்தை ஏற்கெனவே விரல்விட்டு எண்ணிப் பார்த்திருந்தாள். தெருமுனை டீக்கடைக்காரர், மாடிவீட்டுக் கிழவர், மகளின் சிநேகிதிகள், வேலை செய்யும் இடத்துக் காவலாளி, அவர் மனைவி என்று இழுத்துப் பிடித்தும் எண்ணிக்கை முப்பதைத் தொடவில்லை.

"இருபத்தாறு" என்றாள்.

அந்த முனையில் கடைச் சத்தம். யாரோ துணியைக் கிழிக்கிற ஓசை.

"இருநூத்தி ஆறா? அப்பாடா. எங்க கூட்டத்தப் பாத்து நீங்க மிரண்டுடுவீங்களோன்னு இருந்தேன். இப்ப ரெண்டு பக்கமும் நிறைவா இருக்கும், சம்பந்தி."

அத்தை திருத்துவதற்குத்தான் வாயைத் திறந்தாள். வெளியே வந்தது "ஆமா" என்ற சொல்.

வேறு யார் இப்படிச் செய்திருந்தாலும் போனால் போகிறது எனலாம். அத்தைக்குப் பிழைப்பே எண்களைச் சொல்வதுதான். பேருந்து நிலையத்தில் அறிவிப்பாளர். எந்த வண்டி எந்த நடைமேடையில் நிற்கிறது, எது தாமதம், எது ரத்து என்று நாள்முழுக்க ஒலிபெருக்கியில் சொல்லிக்கொண்டிருப்பவள். அந்த வேலையில் முதலில் படிய வேண்டிய பழக்கம், எண்ணை முழுதாகச் சொன்னபிறகு பிரித்தும் சொல்ல வேண்டும் என்பது. இருபத்தாறு, இரண்டு, ஆறு. இரைச்சலில் இருபத்தாறும் இருநூற்றாறும் ஒன்றுபோலக் காதில் விழும். மாறி ஏறியவன் வேறு எங்கோ போய் இறங்குவான். ஊருக்கெல்லாம் பிரித்துச் சொன்னவள் சம்பந்தியிடம் பிரித்துச் சொல்லவில்லை.

அவள் உட்காரும் அறை நடைமேடைகளுக்கு மேலே இருந்தது. ஒரு கண்ணாடி ஜன்னல், ஒரு மைக், காற்றைவிடச் சத்தத்தை அதிகம் தருகிற ஒரு மின்விசிறி. ஜன்னல் வழியே பார்த்தால் கீழே தலைகள் மட்டும் தெரியும். அவள் பேசியதும் தலைகள் சட்டென்று நிமிரும், ஆனால் ஒன்றுகூட ஜன்னல் பக்கம் திரும்பாது. எல்லோரும் தூணில் மாட்டிய ஒலிபெருக்கியைத்தான் பார்ப்பார்கள், அதுதான் பேசுகிறது என்பதுபோல. பிறகு மூட்டையைத் தூக்கிக்கொண்டு ஓடுவார்கள். அவள் பேச்சைக் கேட்டு நடக்கிறவர்கள் தினமும் ஆயிரக்கணக்கில் இருந்தார்கள். அவளிடம் பேசுகிறவர்கள்தான் இல்லை.

கடிகார அத்தை என்ற பெயர் வந்த கதையும் இதே வேலையில் கிடக்கிறது. கணவன் இறந்தபோது மகள் நடக்கப் பழகிக்கொண்டிருந்தாள். விடுமுறை நாளில் வேலைக்கு வந்தால் கொஞ்சம் கூடுதலாகக் கிடைக்கும். விடுமுறையும் முகூர்த்தமும் சேர்ந்து வந்தால் நிலையம் நிரம்பி வழியும், கேட்கவே வேண்டாம். ஆக, அடுத்தவர் வீட்டுக் கல்யாணத்துக்கு ஜனங்களை ஏற்றி அனுப்பினாளே தவிர, தான் ஒன்றுக்கும் போனதில்லை. போகாத குறைக்கு ஒரு சுவர்க்கடிகாரம் வாங்கி, போகிற யாரிடமாவது கொடுத்தனுப்புவாள். அண்ணன் வீட்டில் ஒன்று, நாத்தனார் வீட்டில் இரண்டு, பெரியப்பா பிள்ளைகள் வீடுகளில் கூடத்துக்கு ஒன்று. அண்ணன் மகன்தான் சின்ன வயதில் அப்படிக் கூப்பிட ஆரம்பித்தான். பெயர் நிலைத்துவிட்டது, முகம்தான் யாருக்கும் நினைவில்லை.

போகாத வீட்டுக்கு யார் வருவார்கள் என்று அவளுக்கும் தெரியும். ஆனாலும் அந்த ஏசி மண்டபத்திலிருந்து திரும்பிய நாள், மகள் கடைக்குப் போன சமயம் பார்த்து, ஒவ்வொருவராகப் போனில் கூப்பிட்டாள். நாத்தனாருக்கு முழங்கால் வலி. பெரியப்பா வீட்டில் போனை எடுத்த மருமகள், எந்த அத்தை என்று இருமுறை கேட்டாள். கடைசியில் அண்ணன் மகன் அகப்பட்டான். பிரியமாகவே பேசினான்.

"அன்னிக்கு டியூட்டி அத்தை. லீவு கேட்டா மூஞ்சிய தூக்கி வெச்சுக்குவாங்க. ஆனா ஒண்ணும் அனுப்பாம இருக்கமாட்டேன். உங்க வீட்ல கடிகாரம் இருக்கா?"

குத்திக்காட்டுகிறானோ என்று அவள் காதைத் தீட்டிக்கொண்டு கேட்டாள். இல்லை, வெள்ளந்தியாகத்தான் கேட்டான்.

"இருக்குப்பா" என்றாள். "நேரம் நல்லாவே தெரியுது."

நான்காவது மண்டபம் ஒரு அச்சகத்துக்குப் பின்னால் ஒளிந்திருந்தது. பழைய கட்டடம். மேல்தளத்தைத் தாங்க ஊன்றிய தூண்கள் கூடம் முழுக்க நின்றன. எந்த நாற்காலியில் உட்கார்ந்தாலும் பாதிக் கூடம் கண்ணில் படாது. யார் பக்கம் எத்தனை பேர் என்று எமனே வந்தாலும் எண்ண முடியாது. அத்தைக்கு முகம் மலர்ந்துவிட்டது. வாடகையைக்கூடக் கேட்காமல் இதுவே போதும் என்றாள்.

"மேடையே தெரியலம்மா" என்றாள் மகள். "வர்றவங்க என் கல்யாணத்தப் பாப்பாங்களா, தூணப் பாப்பாங்களா?"

"தூண் இருந்தாதான்டி கம்பீரம்."

மகள் அவளை ஒரு மாதிரியாகப் பார்த்தாள். முன்பணம் கொடுப்பதற்குமுன் மாமியார் ஒருமுறை பார்த்துவிடட்டும் என்று சொல்லி, சம்பந்தியம்மாவை அங்கேயே வரவழைத்துவிட்டாள்.

சம்பந்தியம்மா புடவைத் தலைப்பால் முகத்தை விசிறிக்கொண்டே உள்ளே வந்தாள். ஒரு தூணைச் சுற்றினாள், அடுத்ததைச் சுற்றினாள்.

"நல்லாத்தான் இருக்கு சம்பந்தி, கண்ணாமூச்சி ஆட" என்றாள். பிறகு எங்கேயோ மறைந்துபோய், அங்கிருந்து கேட்டாள்: "உங்க இருநூத்தி ஆறு பேர எந்தத் தூணுக்குப் பின்னால உக்காரவெக்கப் போறீங்க?"

மகள் வேகமாகத் திரும்பித் தாயைப் பார்த்தாள். இருநூற்றாறு என்ற எண்ணை அவள் இப்போதுதான் கேள்விப்படுகிறாள். அத்தை அந்தப் பார்வையைச் சந்திக்காமல் மேடைப் பக்கம் நகர்ந்தாள். மண்டபத்துக்காரர், தங்கள் மைக் செட் புதியது என்று பெருமையாகச் சொல்லி, அதை முடுக்கி அவள் கையில் கொடுத்தார். ஏதாவது பேசிப் பாருங்கள் என்றார்.

அவள் மைக்கை வழக்கம்போல வாய்க்கு நேரே பிடித்தாள். மேடையிலிருந்து பார்த்தால் தூண்கள்தான் தெரிந்தன. மகளும் தெரியவில்லை, சம்பந்தியும் தெரியவில்லை. நடைமேடைகளுக்கு மேலேயுள்ள அறையில் உட்கார்ந்திருப்பது போலவே இருந்தது.

"பயணிகளின் கனிவான கவனத்திற்கு" என்றாள்.

ஒரு தூணுக்குப் பின்னாலிருந்து சம்பந்தியம்மாவின் சிரிப்பு கேட்டது. அத்தை நிறுத்தவில்லை.

"பெண் வீட்டார் பக்கமிருந்து வருவதாக அறிவிக்கப்பட்டிருந்த இருநூற்றாறு பேர், தவிர்க்க முடியாத காரணங்களால் இருபத்தாறு பேராகத் திருத்தப்படுகிறார்கள். இரண்டு, ஆறு. இதனால் ஏற்பட்ட சிரமத்திற்கு வருந்துகிறோம்."

எந்த அறிவிப்பையும் இரண்டு முறை சொல்வது வழக்கம். பழக்கதோஷத்தில் இதையும் முதலிலிருந்து இன்னொரு முறை சொன்னாள். குரல் பிசிறவில்லை. முதல் முறை சொன்னபோது சிரிப்பு இருந்தது. இரண்டாம் முறை சொல்லும்போது அது நின்றிருந்தது.

சம்பந்தியம்மாதான் முதலில் வெளியே வந்தாள்.

"அன்னிக்கு கடையில ஒரே சத்தம். தப்பு என் காதுமேல சம்பந்தி."

"உங்க காதுல தப்பில்ல. நான் பிரிச்சுச் சொல்லல."

"இதுக்கா இத்தன நாள் தூணத் தேடி அலைஞ்சீங்க? எங்க ஆளுங்கள்ல நூறு பேர உங்க பக்கம் தள்ளிவிட்டாப் போச்சு. பத்தலன்னா கடை பொம்மைங்களுக்குப் பட்டுப்புடவை கட்டிக் கொண்டுவந்து உக்காரவெச்சிடறேன்."

எல்லோரும் சிரித்தார்கள். அத்தையும் சிரித்தாள். மனுஷி நல்லவள், மகள் நல்ல இடத்துக்குத்தான் போகிறாள் என்று உள்ளுக்குள் குறித்துக்கொண்டாள். ஆனால் இரவல் நகை போடுவதுபோல இரவல் ஜனத்தை வைத்துக்கொண்டு எத்தனை நாழி உட்கார்ந்திருக்க முடியும்?

"வேண்டாம் சம்பந்தி. என் பக்கம் எத்தனையோ, அத்தனையே இருக்கட்டும்." மைக்கை மண்டபத்துக்காரரிடம் திருப்பிக் கொடுத்துவிட்டு மகளைப் பார்த்தாள். "அந்த மூணாவது மண்டபத்தையே சொல்லிடலாம். எக்கோ ஒண்ணும் பெருசா இல்ல."

வீட்டுக்குத் திரும்புகிற பேருந்தில் மகள் ஜன்னல் பக்கம் திரும்பி உட்கார்ந்தாள். கோபம் என்று அத்தை நினைத்தாள். கடைசியில் அவள் கேட்டது வேறு.

"அந்த இருபத்தாறுல நான் இருக்கேனா?"

"நீ மேடையில இருப்ப. உன்ன எப்படி எண்ணறது?"

"நீ?"

"என்னையும் சேத்துத்தான்."

மகள் அவள் கையைப் பிடித்துக்கொண்டாள். இறங்கும் இடம் வந்ததும் விட்டாள்.

மறுநாள் மூன்றாவது மண்டபத்துக்குப் போனார்கள். மேலாளர் பழசை மனதில் வைத்துக்கொள்ளாமல் மறுபடியும் தண்ணீர் கொடுத்தார். அத்தை இந்தமுறை வாங்கிக் குடித்தாள். மகள் கணக்கு பேச அவருடன் அலுவலகத்துக்குள் போனாள்.

கூடத்தில் ஆள் இல்லை. ஏசி போடவில்லை. அத்தை கம்பளத்தின் வழியே மேடைவரை நடந்தாள். இந்தப் பக்கம் முந்நூறு, அந்தப் பக்கம் இருபத்தாறு. பெண் வீட்டார் பக்கத்தில் முன்வரிசை முதல் நாற்காலியில் போய் உட்கார்ந்தாள். திரும்பிப் பார்த்தாள். வரிசை வரிசையாக வெறும் நாற்காலிகள் கதவுவரை போயின. கல்யாணத்தன்றும் முக்கால்வாசி இப்படித்தான் இருக்கும். அதற்கப்புறம், மகள் புகுந்த வீட்டுக்குப் போனபின், வீட்டில் இரண்டு தட்டில் ஒன்றைக் கழுவினால் போதும்.

இடுப்பில் செருகியிருந்த கைக்குட்டையை எடுத்து முகம் துடைத்தாள். பிறகு அதை உதறி, பக்கத்து நாற்காலியில் விரித்துப் போட்டாள். பேருந்து ஜன்னல் வழியே கையை விட்டுத் துண்டு போட்டு இடம் பிடிக்கிறவர்களை அவள் மேலிருந்து தினமும் பார்க்கிறாள். அவள் யாருக்காகவும் ஒருமுறைகூட அப்படிப் போட்டதில்லை.

பெருக்கிக்கொண்டு வந்த பெண்மணி அந்த வரிசைக்கு வந்ததும் துடைப்பத்தை நிறுத்தினாள்.

"யாராவது வராங்களாம்மா?"

அத்தை கைக்குட்டையின் மடங்கிய முனையை நீவி விட்டாள்.

"இன்னும் வரல" என்றாள்.