பாறைக்குப் போட்ட தையல்

நெருப்பெரிச்சல் என்ற ஊரில், எங்கள் பனியன் கம்பெனிக்குப் பின்னால் தண்ணீர்த் தொட்டிக்காகப் பாறையை வெட்டிக்கொண்டிருந்தபோது பாறையைப் பார்வையிட ஒரு பொறியாளர் வந்தார். ஒல்லியான உடம்பு, நரைத்த மீசை, பேன்ட் முட்டியில் எப்போதும் மண். பேசுவதற்கு முன் உள்ளங்கையைப் பாறைமேல் வைப்பார், குழந்தைக்குக் காய்ச்சல் பார்ப்பதுபோல.

குழியின் கிழக்குச் சுவருக்கு மேலேதான் எங்கள் டெய்லர் தம்பதி கைக்குழந்தையோடு குடியிருந்த அறை.

"இந்தப் பக்கம் வெட்டறத நிறுத்துங்க. மேல இருக்கறவங்கள இன்னிக்கே வேற ரூமுக்கு மாத்துங்க" என்றார்.

மழைக்காலத்துக்குள் தொட்டியை முடித்தாக வேண்டும். எனக்கு எரிச்சல். "கல்லு இரும்பாட்டம் இருக்குதுங்களே" என்றேன்.

அவர் கட்டிங் டேபிளிலிருந்து வெட்டிய துணிகளை அடுக்காக எடுத்து, ஒரு பலகையில் வைத்துச் சாய்த்தார். அடுக்கு வழுக்கிக்கொண்டு கீழே விழுந்தது.

"துணி எங்கயும் கிழியலீங்க. அடுக்குக்கு நடுவுலதான் புடிப்பு இல்ல. இந்தப் பாறையும் அடுக்கடுக்கா குழியைப் பார்த்துச் சாஞ்சிருக்குதுங்க."

"இப்ப என்னங்க பண்றது?"

"துணிய நீங்க தைப்பீங்கல்ல? நாமளும் தைச்சிரலாங்க."

பாறையில் துளையிட்டு, அடுக்குகளை ஊடுருவி நீளமான கம்பிகளைச் செருகி, சிமென்ட் கரைசலால் இறுக்கினார்கள்.

வேலை முடிந்து அந்தக் குடும்பம் திரும்பி வந்த சாயங்காலம், மேலே குழந்தை வீறிட்டு அழுதது. அவர் குழிக்குள் சுவரில் உள்ளங்கையை வைத்தபடி நின்றார். அழுகை அடங்கிய பிறகுதான் கையை எடுத்தார். பாறையைச் சோதித்தாரா, குழந்தையைத் தட்டிக்கொடுத்தாரா, இன்னும் எனக்குத் தெரியவில்லை.